தண்ணீர்க் கணக்கு

ஜோசப் சேம்பர்லைன் என்ற பெயர் எனக்கு அறிமுகமானது ஒரு தண்ணீர்க் கணக்கின் வழியாக. 1995ஆம் ஆண்டின் பிற்பகுதியில் உள்ளாட்சி நிர்வாகம் படிப்பதற்காக அரசு என்னை பர்மிங்காமுக்கு அனுப்பியிருந்தது. அதற்கு முன் கரிசல் காட்டு நகராட்சி ஒன்றில் ஆணையராக இருந்தேன். தமிழ்நாட்டில் உள்ளாட்சித் தேர்தல் நடக்காமல் கிடந்த காலம் அது. தலைவர் இல்லை, மன்றம் இல்லை. தனி அலுவலர் என்ற பெயரில் எல்லாக் கோப்பிலும் என் கையெழுத்துதான். ஐந்து நாளைக்கு ஒருமுறை தண்ணீர் விட்டோம். கோடையில் அது எட்டு நாளாகும். அலுவலக வாசலில் காலிக் குடங்களை அடுக்கிவிட்டு உட்காரும் பெண்களுக்குச் சொல்ல என்னிடம் பதில் இருக்காது.

அந்த நினைப்போடு போனவனுக்கு, பர்மிங்காம் மத்திய நூலகத்தில் பழைய நகராட்சி வரலாறுகளைப் புரட்டும்போது ஒரு செய்தி கண்ணில் பட்டது. 1870களின் தொடக்கத்தில் அந்த நகரத்தில் குழாய்த் தண்ணீர் வாரத்துக்கு மூன்று நாள்தான் வந்தது. மக்களில் பாதிப் பேர் கிணற்றை நம்பியிருந்தார்கள். அந்தக் கிணறுகளில் பலவற்றில் சாக்கடை கலந்திருந்தது. உலகத்துக்கே இரும்புச் சாமான் செய்து அனுப்பிய ஊர், தன் பிள்ளைகளுக்கு நல்ல தண்ணீர் கொடுக்க முடியாமல் இருந்திருக்கிறது. அந்த நிலையை மாற்றியது யார் என்று தேடப்போய்த்தான் சேம்பர்லைனிடம் வந்து சேர்ந்தேன்.

அவர் பர்மிங்காமில் பிறந்தவர் அல்லர். 1836இல் லண்டனில் பிறந்தவர். அப்பாவுக்குக் காலணித் தொழில். பதினாறு வயதில் படிப்பை விட்டுவிட்டு அப்பாவின் தொழிலில் இறங்கியவரை, பதினெட்டாவது வயதில், 1854இல், பர்மிங்காமுக்கு அனுப்பினார்கள். உறவினரான நெட்டில்ஃபோல்டு அங்கே திருகாணி செய்துகொண்டிருந்தார். முனை மழுங்கிய திருகாணிகளுக்குப் பதிலாக, மரத்தில் தானே இறங்கும் கூர்முனைத் திருகாணிகளைச் செய்யும் அமெரிக்க இயந்திரத்தின் உரிமையை அவர் வாங்க விரும்பினார். அதற்குச் சேம்பர்லைனின் அப்பா 10,000 பவுண்டு போட்டார். போட்ட பணத்தைப் பார்த்துக்கொள்ளத்தான் மகனை அனுப்பினார்கள். மகன் கணக்குப் பிள்ளையாக உட்கார்ந்து, விற்பனையைக் கையில் எடுத்து, இருபது வருடத்தில் இங்கிலாந்தில் செய்யப்படும் திருகாணிகளில் மூன்றில் இரண்டு பங்கு அந்த ஒரே நிறுவனத்திலிருந்து வரும்படி செய்தார். சிறு பட்டறைக்காரர்கள் பலர் அந்தப் போட்டியில் நொடித்துப் போனார்கள். இதை அவரைப் புகழ்கிறவர்கள் வேகமாகக் கடந்துவிடுவார்கள். நான் கடக்க விரும்பவில்லை. பின்னால் வரும் எல்லாவற்றுக்கும் இந்த மனிதரின் பழக்கம் ஒன்றே: சிதறிக் கிடப்பதை ஒரு கைக்குள் கொண்டுவருவது.

1869இல் நகர மன்ற உறுப்பினரானார். 1873 நவம்பரில் மேயர். மறு வருடமே குடும்பத்தின் பங்குகளை விற்றுவிட்டுத் தொழிலிலிருந்து விலகினார். அவர் கைக்கு ஏறத்தாழ 1,20,000 பவுண்டு வந்தது. அப்போது வயது 38. இனி வாழ்நாள் முழுவதும் சம்பாதிக்கத் தேவையில்லாத மனிதர், கடையைக் கவனித்த அதே கண்ணோடு ஊரைக் கவனிக்க ஆரம்பித்தார்.

முதலில் அவர் கை வைத்தது தண்ணீரில் அல்ல, எரிவாயுவில். இதைத்தான் நான் ஒரு நகராட்சிக்காரனாக வியந்து படித்தேன். தெருவிளக்கும் வீட்டு விளக்கும் அன்று நிலக்கரி வாயுவில் எரிந்தன. இரண்டு தனியார் கம்பெனிகள் அதை விற்றன. ஒரே தெருவை இருவரும் தோண்டினார்கள். இரண்டு கம்பெனிகளையும் நகராட்சியே வாங்க வேண்டும் என்று மேயர் மன்றத்தில் கேட்டார். விலை ஏறத்தாழ 20 லட்சம் பவுண்டு. நகராட்சியின் அப்போதைய கடனைப் போலப் பல மடங்கு. எந்த மன்றமும் பயந்திருக்கும். சேம்பர்லைன் வியாபாரியாகப் பேசினார். இந்தத் தொழிலை எனக்கே குத்தகைக்கு விட்டால் மகிழ்ச்சியோடு எடுத்துக்கொள்வேன், அதில் நல்ல லாபம் வரும் என்ற பொருளில் சொன்னார். சொந்தப் பணத்தைப் போட்டுச் சம்பாதித்துக் காட்டிய ஒருவர் சொன்னதால் மன்றம் நம்பியது. 1875இல் கம்பெனிகள் நகராட்சிக்கு வந்தன. முதல் வருடத்திலேயே 34,000 பவுண்டு லாபம்.

அடுத்தது தண்ணீர். தண்ணீர்க் கம்பெனியை 13,50,000 பவுண்டு கொடுத்து வாங்கினார்கள். 1876இன் தொடக்கத்தில் அது நகராட்சியின் சொத்தானது. இங்கே அவர் வேறு விதி வைத்தார். எரிவாயுவில் லாபம் எடுக்கலாம், அது ஊர்ச் செலவுக்கு ஆகும். தண்ணீரில் லாபம் எடுக்கக் கூடாது. மிச்சம் வந்தால் கட்டணத்தைக் குறைக்க வேண்டும், அல்லது குழாயை நீட்ட வேண்டும்.

அந்தப் பக்கத்தை நூலக மேசையில் வைத்துக்கொண்டு நான் வெகுநேரம் யோசித்தேன். எங்கள் நகராட்சியில் குடிநீர்க் கட்டணத்துக்கு என்று தனிக் கணக்கு பெயரளவில்தான் இருந்தது. வசூலான பணம் சம்பளத்துக்குப் போகும், மின்கட்டண நிலுவைக்குப் போகும். மோட்டார் எரிந்துபோனால் சுருள் கட்டக் காசு இருக்காது. எந்த வருமானம் எந்தச் செலவைத் தாங்க வேண்டும் என்பதை நூற்றிருபது வருடத்துக்கு முன் ஒரு திருகாணி வியாபாரி இவ்வளவு தெளிவாகப் பிரித்துவைத்திருக்கிறார். விளக்கு எரிப்பவரிடம் லாபம் எடு, தாகத்துக்குக் குடிப்பவரிடம் எடுக்காதே. இதில் நான் அவருக்கு முழு மனதோடு தலைவணங்குகிறேன்.

தண்ணீர் நகராட்சியின் கைக்கு வந்ததன் பலன் அவர் காலத்தோடு முடியவில்லை. 1904இல் வேல்சு மலைகளின் எலான் பள்ளத்தாக்கிலிருந்து 73 மைல் தூரம், பம்பு எதுவும் இல்லாமல், நிலச் சரிவிலேயே ஓடிவரும் கால்வாய் திறக்கப்பட்டது. பர்மிங்காமில் நான் குடித்த தண்ணீர் அதுதான். ஆனால் அப்போது அதை விற்றது நகராட்சி அல்ல. 1974இல் குடிநீர் வட்டார ஆணையத்துக்குப் போய், 1989இல் தனியாருக்குப் போய்விட்டது. எரிவாயு அதற்கு முன்பே கைமாறியிருந்தது. நகரத்தார் பலருக்கு இதில் மனத்தாங்கல் இருந்ததை அங்கே கேட்டேன்.

இந்த வேலைகளுக்கு நடுவில், 1875 பிப்ரவரியில், அவர் மனைவி ஃபுளோரன்சு பிரசவத்தில் இறந்தார். முதல் மனைவி ஹாரியட்டும் 1863இல் பிரசவத்துக்குப் பின் இறந்தவர்தான். இருவரும் ஒரே கென்றிக் குடும்பத்துப் பெண்கள். அந்தக் காலப் பணக்கார வீடும் சாவிலிருந்து தப்பவில்லை. அவருக்கு இருந்த தெய்வ நம்பிக்கை அதோடு ஆட்டங்கண்டது என்று எழுதியிருக்கிறார்கள். மேயர் வேலையை மட்டும் அவர் விடவில்லை.

அதே 1875இல் வந்த தொழிலாளர் குடியிருப்புச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு நகரின் நடுவே இருந்த சேரிகளை வாங்கி இடித்தார்கள். அங்கே கார்ப்பரேஷன் தெரு வந்தது. அகலமான தெரு, இருபுறமும் கடைகள். மனைகளை விற்காமல் 75 வருடக் குத்தகைக்கு விட்டார்கள். குத்தகை முடிந்ததும் நிலமும் கட்டடமும் நகராட்சிக்கே திரும்பும் என்ற கணக்கு. நீண்டகால வியாபாரியின் கணக்கு. அந்தப் பகுதியில் 1873 முதல் 1875 வரை ஆயிரத்துக்கு 53 ஆக இருந்த ஆண்டு இறப்பு விகிதம், 1879 முதல் 1881 வரையான காலத்தில் 21 ஆகக் குறைந்தது. நான் அந்தத் தெருவில் நடந்திருக்கிறேன். கூட்டம் நெரியும் கடைத்தெரு. அங்கே முன்பு குடியிருந்தவர்கள் எங்கே போனார்கள் என்பதற்கு விடை எளிதில் கிடைக்கவில்லை. அவர்களுக்கென்று நகராட்சி மாற்று வீடு கட்டித்தரவில்லை. அடுத்தடுத்த தெருக்களில் இன்னும் நெருக்கமாக அடைந்துகொண்டார்கள்.

1876இல் நாடாளுமன்றம் போனார். 1880இல் வணிக வாரியத் தலைவராக அமைச்சரவையில் இடம். அயர்லாந்துத் தன்னாட்சிக்கு எதிராக 1886இல் பிரதமர் கிளாட்ஸ்டனை விட்டு விலகி லிபரல் கட்சியை உடைத்தார். பின்னால் 1903இல் இறக்குமதி வரிக் கொள்கைக்காக, கூட்டணி சேர்ந்திருந்த கன்சர்வேடிவ் கட்சியையும் பிளந்தார். இரண்டு பெரிய கட்சிகளை உடைத்தவர், பிரதமர் ஆனதே இல்லை. ஒற்றைக் கண்ணாடி, கோட்டில் ஆர்க்கிட் பூ, எங்கே போனாலும் பர்மிங்காமின் ஓட்டு அவர் பின்னால். நான் படித்த பல்கலைக்கழகமே 1900இல் அவர் முயற்சியால் வந்தது. அவரே முதல் வேந்தர். வளாகத்தின் நடுவே நிற்கும், 100 மீட்டரை எட்டும் மணிக்கூண்டுக்கு மாணவர்கள் அவர் பெயரையே செல்லமாகச் சுருக்கி வைத்திருந்தார்கள்.

இதுவரை என் மரியாதை குறையவில்லை. குறைத்தவர் டர்பன் நண்பர்.

என்னோடு படித்தவர்களில் தென்னாப்பிரிக்காவின் டர்பன் மாநகராட்சியில் வேலை பார்த்த ஒருவர் இருந்தார். கொள்ளுத்தாத்தா கரும்புத் தோட்டத்துக்கு ஒப்பந்தக் கூலியாகச் சென்னையில் கப்பலேறியவர். நண்பருக்குத் தமிழில் பேச வராது. ஆனால் வீட்டில் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றுவதைப் பற்றிச் சொல்லும்போது ‘கூழ்’ என்ற சொல்லைச் சரியாகச் சொல்வார். அவர் நாட்டில் எல்லா இனத்தவரும் ஓட்டுப் போட்ட முதல் உள்ளாட்சித் தேர்தல்கள் நடந்துகொண்டிருந்த நேரம் அது. மோஸ்லி பகுதியில் சேம்பர்லைன் 1880 வாக்கில் கட்டிக் குடியேறிய ஹைபரி மாளிகைக்கு எங்களை அழைத்துப் போனபோது, எல்லோரும் மரவேலைப்பாட்டைப் பார்த்துக்கொண்டிருந்தோம். அவர் என்னிடம் தணிந்த குரலில், “எங்கள் ஆட்கள் இவரைப் பார்க்கத்தான் மனுவோடு நின்றார்கள். தெரியுமா?” என்றார்.

தெரியாது. பிறகு படித்தேன். படித்தது இன்றுவரை உறுத்துகிறது.

1895இல் சேம்பர்லைன் குடியேற்ற நாடுகளின் அமைச்சரானார். அந்த வருடம், டர்பன் அடங்கிய குடியேற்ற நாடான நேட்டால் ஒரு சட்டம் போட்டது. ஒப்பந்தம் முடிந்தபின் ஊர் திரும்பாமல், மறு ஒப்பந்தமும் செய்யாமல் அங்கேயே வாழ நினைக்கும் இந்தியர் ஒவ்வொருவரும் ஆண்டுக்கு 3 பவுண்டு தலைவரி கட்ட வேண்டும். ஒப்பந்தக் கூலியின் முதல் வருட மாதச் சம்பளம் 10 ஷில்லிங். 3 பவுண்டு என்றால் 60 ஷில்லிங், ஆறு மாதச் சம்பளம். 1903இல் 16 வயதான பையன்களையும் 13 வயதான பெண் பிள்ளைகளையும் அந்த வரிக்குள் சேர்த்தார்கள். தாய், தகப்பன், வளர்ந்த இரு பிள்ளைகள் என்றால் 12 பவுண்டு. அந்தக் குடும்பங்களில் பெரும் பங்கு தமிழும் தெலுங்கும் பேசியவை. தஞ்சாவூர், வட ஆற்காடு, செங்கல்பட்டு என்று கப்பல் பதிவேடுகளில் நம் ஊர்ப் பெயர்கள் நிறைந்திருக்கின்றன.

அதே நேட்டால், இந்தியரின் ஓட்டுரிமையைப் பறிக்கவும் சட்டம் கொண்டுவந்தது. ஆசியர் என்று வெளிப்படையாகச் சொன்ன முதல் வரைவை லண்டன் ஏற்கவில்லை. ‘நாடாளுமன்ற ஓட்டுரிமை முறை இல்லாத நாடுகளிலிருந்து வந்தவர்கள்’ என்ற பொருளில் சுற்றி எழுதிக்கொண்டு வந்தபோது, 1896இல், சேம்பர்லைனின் அலுவலகம் ஒப்புதல் கொடுத்தது. 1897 குடியேற்ற நாடுகள் மாநாட்டில் மற்ற பிரதமர்களிடமும் இந்த வழியையே அவர் எடுத்துச் சொன்னார். நிறத்தைப் பெயர் சொல்லிக் குறிப்பிடாதீர்கள், வேறு சொல்லில் அதையே செய்யுங்கள் என்பதுதான் அதன் சாரம். கூர்முனைத் திருகாணியின் உரிமத்தை வரி வரியாகப் படித்துப் பழகியவருக்கு அந்தச் சட்டத்தின் ஒவ்வொரு சொல்லும் என்ன செய்யும் என்று தெரியாமலிருக்க வழியில்லை.

போயர் போருக்கு முன், போயர்கள் ஆண்ட டிரான்ஸ்வாலில் இந்தியர்கள் படும் பாட்டைப் பிரிட்டிஷ் அமைச்சர்களே போயர் அரசின் மீது ஒரு குற்றச்சாட்டாகச் சொன்னார்கள். போர் முடிந்து 1902இன் இறுதியில் சேம்பர்லைன் தென்னாப்பிரிக்காவுக்கு வந்தார். இந்தியா திரும்பியிருந்த காந்தியைத் தந்தி கொடுத்து வரவழைத்தார்கள். டர்பனில் காந்தி மனுவை நீட்டினார். தன்னாட்சி பெற்ற நாடுகள் மீது எங்களுக்கு அதிகாரம் குறைவு, ஐரோப்பியரோடு அனுசரித்து வாழப் பாருங்கள் என்பதே கிடைத்த பதில் என்று காந்தி தன் சுயசரிதையில் எழுதியிருக்கிறார். பிரிட்டோரியாவில் காந்தி தூதுக்குழுவில் வருவதற்கே அனுமதிக்கப்படவில்லை. மூன்று கம்பெனிகளைப் பணிய வைத்து ஊருக்கே விளக்கும் தண்ணீரும் கொண்டுவந்த மனிதர், தனக்கு அதிகாரம் குறைவு என்றார்.

அந்த 3 பவுண்டு வரி 1914இல்தான் நீக்கப்பட்டது. அந்த வரியையும் எதிர்த்து நடந்த 1913 போராட்டத்தில் சிறை போய், காய்ச்சலோடு வெளியே வந்து 1914 பிப்ரவரியில் இறந்த தில்லையாடி வள்ளியம்மையை நமக்குத் தெரியும். அந்த வருடம் ஜூலை 2ஆம் தேதி சேம்பர்லைனும் இறந்தார். 1906இல் எழுபதாவது பிறந்தநாளை ஊரே கொண்டாடிய சில நாளில் பக்கவாதம் வந்து, எட்டு வருடம் பேச்சுக் குழறிக் கிடந்தார். வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தில் அடக்கம் செய்ய இடம் தருவதாகச் சொல்லியும் குடும்பம் ஏற்கவில்லை. பர்மிங்காமின் கீ ஹில் இடுகாட்டில், தன் ஊர்க்காரர்கள் நடுவில்தான் புதைக்கப்பட்டார்.

நான் ஊர் திரும்பியபின், 1996 அக்டோபரில், உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. எங்கள் நகராட்சிக்குத் தலைவராக வந்தவர் பருப்பு மண்டி வைத்திருந்த அண்ணாச்சி. எட்டாவதுக்கு மேல் படிக்காதவர். கணக்கில் ஒரு ரூபாய் இடித்தாலும் இரவு தூங்கமாட்டார். ஈரோட்டில் மண்டி நடத்தி, நகராட்சித் தலைவராக இருந்து, பிறகு பெரியாரானவர்மீது அவருக்கு மிகுந்த பக்தி. “அவரும் வியாபாரிதானே சார்” என்பார். மாலையில் மண்டியை மூடிவிட்டு அலுவலகம் வந்து தண்ணீர்க் கணக்கை விரித்துவைக்கச் சொல்வார். அப்படிப்பட்ட ஒரு மாலையில் சேம்பர்லைன் கதையைச் சொன்னேன்.

அண்ணாச்சி முதலில் கேட்டது, “அந்த மனுசன் கம்பெனிய வித்துட்டு மேயரானாரா, மேயரான பெறகு வித்தாரா?”

“மேயரான மறு வருசம் வித்தாரு அண்ணாச்சி.”

கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு சொன்னார். “நம்ம மருமகப்பிள்ள ஹார்டுவேர் கடை வச்சிருக்கான். நம்ம ஆபீசுக்கு அவன் ஒரு திருகாணிகூட விக்கப்படாது சார். டெண்டர் போட்டாலும் தள்ளிருங்க. நான் சொன்னேன்னு குறிச்சுக்கோங்க.”

குடிநீர்க் கட்டணத்துக்குத் தனி வங்கிக் கணக்கு தொடங்கியது அந்த வருடத்தில்தான். மன்றத்தில் எதிர்ப்பு இருந்தது. சந்தை ஏலத்தொகையும் கடை வாடகையும் மற்றச் செலவைத் தாங்கட்டும், தண்ணீர்க் காசு தண்ணீருக்கே என்று அண்ணாச்சி உறுதியாக நின்றார். ஐந்து நாள் மூன்று நாளானது. அதைத் தினமும் ஆக்க எங்களால் முடியவில்லை. ஆற்றில் தண்ணீர் இல்லை.

நேட்டால் கதையை வேறொரு நாள் சொன்னேன். கேட்டு முடித்துவிட்டு, “ஊரோட நின்னிருந்தா நல்ல பேரோட போயிருப்பாரு. டெல்லிக்குப் போறவன் எல்லாம் கெட்டுத்தான் போறான்” என்றார். லண்டனைத்தான் டெல்லி என்றார்.

எனக்கு அது சரியாகப் படவில்லை. லண்டன் போனபின் அவர் நல்லதே செய்யவில்லை என்று சொல்ல முடியாது. வேலையில் அடிபட்ட தொழிலாளிக்கு முதலாளி இழப்பீடு தர வேண்டும் என்ற 1897 சட்டத்துக்குப் பின்னால் அவர்தான் இருந்தார். நேட்டாலில் தெரிந்த குறையோ ஊரிலேயே தெரிந்துவிட்டது. கார்ப்பரேஷன் தெருவுக்காக இடித்த வீடுகளின் விலை அவருக்குத் தெரியும். மனையின் குத்தகை தெரியும். அதில் குடியிருந்தவர்கள் அவர் கணக்கில் ஒரு பத்தியாக ஏறவே இல்லை. குடிக்கத் தண்ணீர் கொடுத்தபோது ஊரில் எல்லோரையும் தன் மக்களாக எண்ணியவர், இடம் வேண்டியபோது சிலரை எண்ணாமல் விட்டார். கடல் தாண்டியதும் எண்ணாமல் விட்டவர்கள் கோடியானார்கள். இதை அண்ணாச்சியிடம் அப்படியே சொன்னேன்.

பேருந்து நிலையத்தை விரிவாக்க அப்போது எங்களிடம் ஒரு திட்டம் இருந்தது. ஓடைப் புறம்போக்கில் இருந்த குடிசைகள் அதற்கு இடைஞ்சல். அண்ணாச்சி அந்தக் கோப்பை எடுத்துவரச் சொன்னார். வரைபடம் இருந்தது, மதிப்பீடு இருந்தது, ஆக்கிரமிப்புகளின் எண்ணிக்கை இருந்தது.

“இதுல எத்தன சனம் சார்?”

கோப்பில் அது இல்லை. குடிசைக்கு எண் போடுவதுதான் எங்கள் வழக்கம். மறுநாள் காலையில் வருவாய் உதவியாளர்கள் இருவரை ஓடைக்கரைக்கு அனுப்பினேன். வீட்டுக்கு எத்தனை பேர், பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள் எத்தனை, என்ன தொழில் என்று எழுதிவரச் சொன்னோம். மாற்று இடம் ஒதுக்கி மனை அளந்து கொடுக்கும்வரை விரிவாக்கத் தீர்மானத்தை மன்றத்தில் வைப்பதில்லை என்று அண்ணாச்சி சொல்லிவிட்டார். அதற்கு இரண்டு வருடம் ஆயிற்று. அதற்குள் மானியத்தில் பாதி திரும்பிப் போனது. பேருந்து நிலையம் பாதி அளவில்தான் கட்டினோம்.